வானிலையைக் காரணம் காட்டி

ஒவ்வொரு மதத்துக்கும் ஒரு புத்தகம் இருந்தாக வேண்டும் என்பதைத் திருத்தகம் கண்டுபிடித்தது நவம்பர் மூன்றாம் வாரத்தில். தலைநகரிலிருந்து வந்த தணிக்கைக்காரர் சிறையின் பிரார்த்தனைக் கூடத்து அலமாரியைத் திறந்து பார்த்திருக்கிறார். ஆறு தட்டுகள். ஐந்தில் புத்தகம் இருந்தது. ஆறாவதில் 'நவஹோ' என்று சீட்டு மட்டும் ஒட்டியிருந்தது, உள்ளே ஒன்றுமில்லை. திருட்டுப் போயிருக்கும் என்று முதலில் ஒரு விசாரணை நடந்தது. அந்தத் தட்டில் எப்போதுமே எதுவும் இருந்ததில்லை என்று தெரிந்ததும் விஷயம் இன்னும் மோசமாகிவிட்டது.

இதை டெல்பர்ட் வியாழக்கிழமை போனில் அக்காவிடம் சொன்னான். வியாழக்கிழமைதோறும் பதினைந்து நிமிடம் அவன் பேசலாம்.

"புத்தகம் வர்ற வரைக்கும் கூட்டம் கிடையாதாம்க்கா. பாதிரியார் சொல்லிட்டாரு."

"நீங்க என்னைக்குடா புத்தகம் வச்சிப் படிச்சீங்க? கதைதானே சொல்றீங்க?"

"அதத்தான் நானும் சொன்னேன். படிக்க வேணாம், அலமாரியில இருந்தாப் போதும்ங்கறாரு."

அந்த அக்கா, லொரெய்ன் பிட்சிலி, பள்ளிக்கூட பஸ் ஓட்டுகிறவள். இருபத்தாறு வருடமாக நவஹோ பழங்குடியினரின் நிலத்தில், லுகாசுக்காய் ஊரைச் சுற்றியுள்ள மண்பாதைகளில் பிள்ளைகளை ஏற்றி இறக்குகிறாள். சேறானாலும் பனியானாலும் பஸ் போக ஒரு வழி இருக்கும் என்று நம்புகிறவள். புத்தகம்தானே, அனுப்பிவிட்டால் போகிறது என்று நினைத்தாள். அந்த நினைப்பு வந்ததற்காகப் பின்னால் தன்னையே பலமுறை திட்டிக்கொண்டாள்.

அந்தக் கதைகளைப் பற்றி ஒன்று சொல்லிவிட வேண்டும். முதல் உறைபனி விழுந்த பிறகுதான் அவற்றைத் தொடங்கலாம். வசந்தத்தின் முதல் இடி கேட்டதும் வாயை மூடிவிட வேண்டும். பாம்பும் கரடியும் இடியும் உறங்குகிற மாதங்களுக்கு உரியவை அவை. வெயில் காலத்தில் அந்தக் கதைகளில் வரும் ஆசாமியின் பெயரைக்கூட எடுக்க மாட்டார்கள். இதை எழுதும்போது ஜூலை மாதம் என்பதால் அவன் இங்கே ஆசாமியாகவே இருப்பான்.

டெல்பர்ட் உள்ளே போய்ப் பத்தொன்பது வருடம். இருபத்திரண்டு வயதில், குடித்திருந்த இரண்டு பேரை ஒரு பெட்ரோல் கடைக்கு ஓட்டிக்கொண்டு போனான். ஒருவன் உள்ளே போய்க் கடைக்காரரைச் சுட்டான். வெளியே என்ஜினை அணைக்காமல் உட்கார்ந்திருந்தது டெல்பர்ட். சட்டம் மூன்று பேரையும் ஒரே தராசில் வைத்தது. பரோல் இல்லாத ஆயுள். அவனைப் பற்றிய எல்லாத் தாள்களிலும் 'விடுதலைத் தேதி' என்ற கட்டத்தில் மூன்று சிறு கோடுகள் இருக்கும். அவனை வைத்திருக்கிற சிறையின் பெயர் சாண்ட் வாஷ் திருத்தகம். திருத்தி முடிக்கும் தேதி மட்டும் குறிக்கப்படவில்லை.

உள்ளே எல்லா மாதத்துக்கும் ஒரே முகம். சனிக்கிழமை மத்தியானம் இரண்டு மணி நேரம் ஏழு நவஹோ ஆட்கள் ஓர் அறையில் வட்டமாக உட்கார்ந்து கதை சொல்லிச் சிரிப்பதனால்தான் டெல்பர்ட்டுக்குக் குளிர்காலம் என்று ஒன்று தனியாகத் தெரிந்தது.

"இன்னொண்ணுக்கா," என்றான். "ஒரு பருவம் முழுக்கக் கூட்டம் போடாத மதத்த 'செயலிழந்த மதம்'னு ஏட்டுல எழுதிருவாங்களாம். எழுதிட்டா அறை போயிரும். திரும்பக் கிடைக்காது. இடி இடிக்கிறதுக்குள்ள ஒரு தடவையாவது நாங்க உக்காரணும்."

"இடிக்கு இன்னும் நாலு மாசம் இருக்கு. நான் பாத்துக்கறேன்."

*

அவளிடமே அப்படி ஒரு புத்தகம் இருந்தது. ஐம்பது வருடத்துக்கு முன் அவள் பஸ் ஓட்டும் அதே பள்ளிக்கூடம் அச்சடித்த குளிர்காலக் கதைகள். முழுக்க நவஹோ மொழி, நடுநடுவே பேனாப் படங்கள். தபாலில் அனுப்பினாள். ஒன்பதாம் நாள் திரும்பி வந்தது. 'பயன்படுத்தப்பட்ட நூல். பதிப்பாளரிடமிருந்து நேரடியாக, புதிதாக வர வேண்டும்.'

"பயன்படுத்தின கதையெல்லாம் வேணாம்ங்கறாங்க," என்றான் வெர்னன். "யாரும் சொல்லாத கதையா வேணுமாம்."

வெர்னன் அவளுடைய அத்தை மகன். அத்தை பிள்ளையும் மாமன் பிள்ளையும் ஒருவரையொருவர் கிண்டல் செய்யாவிட்டால் உடம்புக்கு ஆகாது என்று நினைக்கிற ஊர் அது. வெர்னனின் உடம்பு மிகவும் ஆரோக்கியமாக இருந்தது.

இரண்டு பேரும் பள்ளிக்கூடத்துக் கொதிகலன் அறையில் பழைய மேசைகளுக்குப் பின்னால் தேடினார்கள். கட்டுப் பிரிக்காத பன்னிரண்டு பிரதிகள் கிடைத்தன. பள்ளிச் செயலாளர் அம்மா பதிப்பாளராக மாறச் சம்மதித்தாள். உறையில் பள்ளி முத்திரையைக் குத்தி, 'பதிப்பகம்' என்று கையால் எழுதி அனுப்பினாள்.

டிசம்பர் கடைசியில் பதில் வந்தது. 'நூல் பெறப்பட்டது. அந்நிய மொழி நூல் என்பதால் மதிப்பாய்வில் உள்ளது.'

லொரெய்ன் தபால் அறைக்கு போன் போட்டாள். எடுத்தவர் மேற்பார்வையாளர் விட்லாக்.

"எங்க பாஷ எப்படிங்க அந்நிய பாஷ? நாங்க இங்கயேதானே இருக்கோம்?"

"அம்மா, படிவத்துல ரெண்டு கட்டம்தான் இருக்கு. ஒண்ணு ஆங்கிலம், இன்னொண்ணு அந்நியம். இது ஆங்கிலமா?"

"இல்ல."

"அவ்ளோதான். நான் ஒண்ணும் என் இஷ்டத்துக்குச் செய்யல, பாருங்க."

"எவ்வளவு நாளாகும்?"

"வழக்கமா அறுபது நாள். தொண்ணூறும் ஆகும். என்ன அவசரம்? அவருக்குத்தான் ஆயுள் இருக்கே."

*

ஜனவரி இரண்டாவது ஞாயிற்றுக்கிழமை, டெல்பர்ட்டைப் பார்க்க ஐந்து மணி நேரம் ஓட்டிக்கொண்டு போனவள், நேரே தபால் அறை ஜன்னலுக்குப் போனாள். வெர்னன் கூட வந்திருந்தான். அவன் கையில் உருளைக்கிழங்கும் டப்பா இறைச்சியும் வைத்துச் சுருட்டிய ரொட்டி. அது உணவா, கடத்தல் பொருளா என்று வாசலிலேயே ஒரு விவாதம் நடந்து, வயிற்றுக்குள் இருந்தால் ஆட்சேபம் இல்லை என்று முடிவானது. நின்ற இடத்திலேயே தின்று முடித்தான்.

ஜன்னலுக்குப் பின்னால் ஓர் இளைஞன். சட்டையில் 'பெஷ்லகாய்' என்று பெயர். லொரெய்னுக்கு உயிர் வந்தது. நம்ம ஆள்! நம்ம ஆளைப் பார்த்தால் முதலில் என்ன செய்ய வேண்டுமோ அதைச் செய்தாள். தன் பாஷையில், தான் யார் என்று சொன்னாள்.

"நான் அம்மா வழியில கசப்புத் தண்ணிக் குலம். அப்பா வழியில உப்புக் குலம். லொரெய்ன்னு கூப்பிடுவாங்க. லுகாசுக்காய்ப் பக்கம்."

இளைஞன் நிமிர்ந்தான். முகம் மலர்ந்தது. "நானும் அம்மா வழியில கசப்புத் தண்ணிதான். கேரிசன். அப்ப நீங்க எனக்கு அக்கா."

"என் தம்பி!" என்றாள் லொரெய்ன். ஜன்னல் ஓட்டை வழியாகக் கையைத் தொட்டுக்கொண்டார்கள். "தம்பி, ஒரு புத்தகம் வந்திருக்கும் பாரு…"

"அத நான்தான்க்கா படிச்சேன்! இங்க நம்ம எழுத்து படிக்கத் தெரிஞ்சவன் நான் ஒருத்தன்தான். ஒரு ஆபத்தும் இல்லன்னு ரெண்டு பக்கம் எழுதி முந்தாநாளே குடுத்துட்டேன். அடுத்த சனிக்கிழமை அலமாரிக்குப் போயிரும்."

லொரெய்னுக்கு அழுகையே வந்துவிட்டது. ரெண்டு மாதமாக மண்டைக்குள் ஓடிக்கொண்டிருந்த ஏதோ ஒரு இயந்திரம் நின்றாற்போல இருந்தது.

"ரொம்ப நல்லாயிரு தம்பி."

பின்னாலிருந்து விட்லாக் வந்தார். சிவந்த கழுத்து, சுத்தமான நகங்கள், எதையும் கோபமில்லாமல் கேட்கிறவர். "கேரிசன், தெரிஞ்சவங்களா?"

கேரிசன் நேர்மையான பையன். நவஹோ வீட்டில் வளர்ந்தவன். கிடைத்த அக்காவை ஒரு நிமிடத்துக்குள் இல்லையென்று சொல்ல அவனுக்கு வாய் வரவில்லை.

"எங்க அக்கா, சார்," என்றான்.

விட்லாக் தலையாட்டினார். லொரெய்னைப் பார்த்தார். ஜன்னலுக்குப் பக்கத்தில் தொங்கிய கோப்பை எடுத்தார். "அப்ப அந்தக் கைதி?"

"எனக்கு அண்ணன்," என்ற கேரிசனின் குரல் பாதியிலேயே இறங்கிப் போனது.

"நீ கைதியோட தம்பி. கைதியோட புத்தகத்துக்கு நீயே சான்று குடுத்திருக்க."

"சார், நாங்க இப்பதான் முதல் தடவையா பாக்கறோம்! அஞ்சு நிமிஷம் கூட ஆகல!"

"அப்ப இவ்ளோ நாளா மறைச்சிருக்க," என்றார் விட்லாக்.

வண்டிக்குத் திரும்பும்போது வெர்னன் கேட்டான், "உனக்கு வாயி சும்மா இருக்காதா? நான் ஸ்பெயின்காரி, பேரு மரியான்னு சொல்லியிருக்கலாம்ல?"

"முன்னபின்ன தெரியாத நம்ம ஆளுகிட்ட குலம் சொல்லாம எப்படிடா பேசறது? நாயா நாம?"

"நாய்க்கு இந்நேரம் புத்தகம் கிடைச்சிருக்கும்."

*

பிப்ரவரியில் வந்த கடிதம் மூன்று பக்கம். கேரிசன் பெஷ்லகாயின் மதிப்பாய்வு உறவுச் சார்பு காரணமாக ரத்து செய்யப்படுகிறது. அவர் சமையலறைக் கணக்குக்கு மாற்றப்பட்டிருக்கிறார். மாநிலச் சிறைத்துறையில் நவஹோ எழுத்து தெரிந்த மற்ற மூன்று ஊழியர்களைத் தொடர்புகொண்டோம். முதலாமவர் உப்புக் குலம். தகப்பன் வழியில் கைதிக்குச் சித்தப்பா முறை என்று அவரே பெருமையுடன் தெரிவித்தார். இரண்டாமவர் கைதிக்குத் தாத்தா வழியில் பேரன் முறை. கைதியை விட அவருக்குப் பன்னிரண்டு வயது அதிகம் என்பதைக் குழு குறித்துக்கொண்டது. மூன்றாமவர் எந்தக் குலத்திலும் பொருந்தவில்லை. ஆனால் அவர் மனைவி கசப்புத் தண்ணீர்.

ஆகவே சார்பற்ற ஒருவரைக் கண்டறிய, மனுதாரர் தன் உறவினர் அனைவரின் பட்டியலையும் இணைப்பில் உள்ள படிவத்தில் நிரப்பி அனுப்ப வேண்டும்.

படிவத்தில் நான்கு வரிகள் இருந்தன.

லொரெய்னும் வெர்னனும் சமையலறை மேசையில் காப்பியும் படிவமுமாக உட்கார்ந்தார்கள். வெளியே பனி கொட்டியது. கதைக்கென்றே செய்த மாதிரியான பனி. அதைப் பார்க்கப் பார்க்க அவளுக்கு எரிந்தது.

"எழுதுடி. ஒரு மூணு லட்சம் பேரு வரும். உப்புக் குலத்துல மட்டும் அந்தப் பக்கம் நியூ மெக்சிகோ வரைக்கும் ஆளுங்க."

"நாலு வரிதான்டா இருக்கு."

"அப்ப முதல் வரியில 'எல்லாரும்'னு போடு. ரெண்டாவது வரியில 'வெர்னன் நீங்கலாக'ன்னு போடு. நான் உனக்குச் சொந்தமில்ல. நான் போய்ப் படிச்சுக் குடுக்கறேன்."

"உனக்குப் படிக்கவே தெரியாதே."

"அது அவங்களுக்குத் தெரியாதே."

அவள் மறுபடியும் விட்லாக்குக்கு போன் போட்டாள். அவர் பொறுமையாகக் கேட்டார். அவரிடம் அவளுக்குப் பிடிக்காதது அந்தப் பொறுமைதான்.

"சரிம்மா. பட்டியல் பெருசுன்னா வேணாம். எனக்கு ஒண்ணு மட்டும் சொல்லுங்க. உங்க ஜனத்துல உங்களுக்குச் சொந்தமில்லாதவங்க யாரு?"

லொரெய்ன் உண்மையிலேயே யோசித்தாள். "கல்யாணம் பண்ணிக்கறோமே, அவங்க சொந்தமில்ல. சொந்தத்துல கட்டக்கூடாது."

"பாத்தீங்களா! அப்ப உங்க வீட்டுக்காரர்?"

"ஆனா கட்டிக்கிட்டா சொந்தமாயிடறாங்களே."

போனில் கொஞ்ச நேரம் பேனா ஓடும் சத்தம் கேட்டது.

"அப்ப ஒட்டுமொத்தமா ஒரு கும்பல்," என்றார் விட்லாக். பிறகு அவசரமாக, "நான் தப்பா சொல்லல. எங்க கையேட்டுல அந்த வார்த்தைக்கு ஒரு விளக்கம் இருக்கு. மூணு பேருக்கு மேல, பொதுவான அடையாளம், ஒருத்தருக்கொருத்தர் விசுவாசம். நீங்க சொல்றது அதுக்கு அப்படியே பொருந்துது," என்றார்.

அவள் போனை வைத்தாள். காப்பிக் கோப்பையை எடுத்தாள், குடிக்காமல் கழுவினாள். பிறகு ஏன் கழுவினோம் என்று மறுபடி ஊற்றிக்கொண்டாள்.

அந்த வாரம் டெல்பர்ட்டிடம் எல்லாவற்றையும் சொன்னாள். அவன் சிரிக்கவில்லை.

"அக்கா, எங்க கூட்டத்துல இருக்கற ஹாரிசன் நேத்து சொல்றாரு, வெளிய காத்து மாறிடுச்சாம். முற்றத்துல நின்னு வானத்தையே பாக்கறாரு. ஏழு பேரும் அதத்தான் பாக்கறோம். காவலாளிங்க எங்களக் கண்காணிக்க ரெண்டாவது ஆளப் போட்டிருக்காங்க. ஏன் எல்லாரும் மேல பாக்கறாங்கன்னு."

"விசாரணைக்குத் தேதி கேட்டிருக்கேன்டா. நேர்ல போய்ப் பேசறேன். மார்ச்சு மூணாவது வாரம்."

"அதுக்குள்ள இடிச்சிட்டா?"

"இடிக்காது," என்றாள் லொரெய்ன், ஏதோ அதுவும் அவள் ஓட்டுகிற வண்டி என்பதுபோல.

*

விசாரணை நாள் காலை, விடுமுறை எழுதிக் கொடுத்துவிட்டு விடியுமுன் கிளம்பினார்கள். பாதி வழியில், பெரிய பள்ளத்தாக்கைத் தாண்டி ஏறுகிற இடத்தில், மேற்கே கருத்திருந்த வானம் ஒருமுறை உறுமியது.

வெர்னன் ரேடியோவை நிறுத்தினான். "கேட்டியா?"

"லாரியா இருக்கும்."

"ரோட்டுல லாரி எங்க இருக்கு?"

"பின்னால வந்திருக்கும்."

மறுபடியும் உறுமியது. இந்தத் தடவை நீளமாக, மேசா என்கிற தட்டை மலையின் ஒரு முனையிலிருந்து மறுமுனை வரை. கண்ணாடி அதிர்ந்தது. லொரெய்ன் வண்டியை ஓரம் கட்டினாள். வெர்னனுக்குக் கூட ஒரு கிண்டலும் வரவில்லை. அதுதான் அவளுக்கு ரொம்பக் கஷ்டமாக இருந்தது.

"திரும்பிடலாமா?" என்றான் கடைசியில்.

"அறை போயிரும்டா. 'செயலிழந்த மதம்'னு எழுதிட்டா அடுத்த குளிருக்கும் கிடையாது. அலமாரியில புத்தகத்தையாவது வச்சிட்டு வந்திடறேன்."

விசாரணை அறையில் ஒரு நீள மேசை. சுவரில் 'மாற்றம் இன்றே தொடங்குகிறது' என்று வெயிலில் வெளுத்த ஒரு சுவரொட்டி. நடுவில் துணைக் கண்காணிப்பாளர் மிஸ் ஹார்க்னஸ். ஒரு பக்கம் விட்லாக். இன்னொரு பக்கம் பாதிரியார் ஓடெல். மேசை மேல், கண்ணாடிப் பையில் முத்திரை வைத்து, அந்தப் புத்தகம். கொலைக்குப் பயன்பட்ட கத்தியைப் போல இருந்தது.

பாதிரியார்தான் முதலில் எழுந்து அவள் கையைப் பிடித்துக் குலுக்கினார். "உங்க கலாசாரத்து மேல எனக்கு இருக்கற மரியாதை யாருக்கும் இருக்காது. என் ஆபீஸ்ல உங்க ஜனம் நெய்த கம்பளம் ஒண்ணு இருக்கு. தினமும் அது மேலதான் நடக்கறேன்."

"நன்றிங்க."

"உங்க கூட்டம் நின்னுபோனதால சனிக்கிழமை மத்தியானம் அந்த அறை சும்மா கெடந்துச்சு. ஒரு நிமிஷம் வீணாக்கல. நேர மேலாண்மை வகுப்பு ஆரம்பிச்சிட்டோம். டெல்பர்ட்டும் சேரலாம்."

"அவனுக்கு எதுக்குங்க நேர மேலாண்மை?"

"அவர்கிட்டதானே நேரம் அதிகமா இருக்கு!" என்றார் பாதிரியார், உண்மையான பரிவோடு.

மிஸ் ஹார்க்னஸ் கோப்பைத் திறந்தார். "கேரிசனோட அறிக்கை ரத்தானது. அத நாங்க படிச்சிருக்கவே கூடாது. ஆனா படிச்சப்ப ஒரு வரி எங்களக் கவலைப்பட வச்சிடுச்சு." கண்ணாடியை மாட்டிக்கொண்டார். "'இதில் வரும் ஆசாமி பலமுறை செத்துப்போகிறான், ஒவ்வொரு முறையும் எழுந்து வந்துவிடுகிறான்.'" அவர் ஆசாமி என்று படிக்கவில்லை, பெயரைச் சொல்லியே படித்தார்.

லொரெய்ன் நாற்காலியில் நெளிந்தாள். இடி இடித்து மூன்று மணி நேரம் கூட ஆகவில்லை. அந்தப் பெயரை ஒரு அரசாங்க அறையில், சத்தமாக, கண்ணாடி போட்டுக்கொண்டு படிக்கிறார்கள். அவள் ஜன்னலைப் பார்த்தாள்.

"இதுல என்ன கவலைங்க?"

"நல்லா யோசிச்சுப் பாருங்க. பரோல் இல்லாத ஆயுள் தண்டனைன்னா என்ன? சாகிற வரைக்கும். செத்தா கோப்ப மூடிடுவோம். இந்த அமைப்பு முழுக்க அந்த நம்பிக்கையிலதான் நிக்குது. இப்ப ஒரு கைதி செத்துட்டு எழுந்து வந்தா? தண்டனை முடிஞ்சிடுச்சுன்னு அவர் சொல்லலாம். மூடின கோப்ப மறுபடி திறக்க எங்களுக்கு விதியே கிடையாது. சட்டப் பிரிவுக்கு எழுதிக் கேட்டிருக்கோம்."

"என்ன சொன்னாங்க?" என்று கேட்டுவிட்டாள் லொரெய்ன், தன்னை மீறி.

"ரெண்டு கருத்து இருக்கு," என்றார் விட்லாக்.

மிஸ் ஹார்க்னஸ் கண்ணாடியைக் கழற்றினார். குரல் கனிந்தது. "எங்கள ஈவிரக்கம் இல்லாதவங்கன்னு நினைக்காதீங்க. வெளியில யாருக்கு என்ன உறுதி இருக்கு, சொல்லுங்க? எனக்கு இருக்கா? அடுத்த வருஷம் என்னை எங்க மாத்துவாங்கன்னு எனக்கே தெரியாது. உங்க தம்பிக்கு அந்தக் கவலை இல்ல. கட்டில், சாப்பாடு, டாக்டர். ஒருத்தர் கடைசி வரைக்கும் இருப்பாருன்னு நாங்க உறுதி குடுத்தா, குடுத்ததுதான். இத்தன வருஷத்துல ஒருத்தர் விஷயத்துலகூட நாங்க வாக்குத் தவறினதில்ல."

பாதிரியார் தலையை மெல்ல ஆட்டினார்.

"அதனால ஒரு வழி பண்ணியிருக்கேன்," என்றார் மிஸ் ஹார்க்னஸ். பேனா மூடியைத் திறந்தார். ஒப்புதல் தாள் அவர் முன்னால் இருந்தது, கையெழுத்துக் கோடு மட்டும் காலி. "நீங்களே அந்தக் கதையில ஒண்ண உங்க வார்த்தையில சொல்லுங்க. அஞ்சு நிமிஷம். கடைசியில அவன் என்ன ஆகறான்னு தெரிஞ்சா போதும். இப்பவே கையெழுத்துப் போடறேன். புத்தகம் மத்தியானமே அலமாரிக்குப் போகும். வர்ற சனிக்கிழமை உங்க தம்பி கூட்டம் நடத்தலாம். நேர மேலாண்மைய ஞாயித்துக்கிழமைக்கு மாத்திடுவோம்."

மூன்று பேரும் அவளைப் பார்த்தார்கள். வாழ்நாளில் முதல்முறையாக ஒரு அரசாங்கம் அவளிடம் கதை கேட்டது.

கதை அவளுக்குத் தெரியும். வாயிலேயே இருந்தது. எட்டு வயதில் போர்வைக்குள் கேட்டது. அந்த ஆசாமி என்ன ஆனான், எப்படி எழுந்தான், ஏன் சிரித்தான், எல்லாம். அஞ்சு நிமிடம். மேலே, கூரைக்கு அப்பால், மறுபடியும் உறுமியது. காலையில் வழியில் கேட்டது இங்கேயும் வந்து சேர்ந்துவிட்டது.

சொல்லிவிட்டால் டெல்பர்ட்டுக்கு அறை கிடைக்கும். அவன் முதல் கேள்வி என்ன கேட்பான் என்றும் அவளுக்குத் தெரியும். பத்தொன்பது வருடமாக ஜன்னல் இல்லாத அறையில் இருந்துகொண்டு, எப்போது இடித்தது என்று கேட்டுக் கேட்டுத் தெரிந்துகொண்டு, சொன்ன கதையைப் பாதியில் நிறுத்திய ஆட்கள் அவர்கள். அந்தக் கட்டடத்தில் யாரும் அவர்கள் மேல் போடாத ஒரே ஒரு விதி அது. அவர்களே போட்டுக்கொண்டது.

"சொல்லக்கூடாதுங்க," என்றாள்.

"என்ன?"

"காலையில இடி இடிச்சிடுச்சு. இனிமே பனி விழுற வரைக்கும் சொல்லக்கூடாது."

பாதிரியார் கவலையோடு முன்னால் சாய்ந்தார். "அதாவது, உங்க மதத்த நடத்த விடாம உங்க மதமே உங்களத் தடுக்குது?"

"டிசம்பர்ல கேட்டிருந்தா நாள் முழுக்கச் சொல்லியிருப்பேன். ஜனவரியில வந்து ஜன்னல்ல நின்னேன். பிப்ரவரியில போன் போட்டேன். அப்பல்லாம் யாரும் கேக்கல." அவள் குரல் உடைந்தது, அது அவளுக்கே பிடிக்கவில்லை. "இப்ப கேக்கறீங்க."

"ஒரு மேகத்துக்காகவா?" என்றார் மிஸ் ஹார்க்னஸ்.

"ஆமாங்க."

விட்லாக் குறிப்பேட்டில் எழுதிக்கொண்டே, சரியாக இருக்கிறதா என்று வாய்விட்டுப் படித்தார். "மனுதாரர், வானிலையைக் காரணம் காட்டி, பதில் அளிக்க மறுத்தார்."

பேனா மூடி மறுபடி மூடிக்கொண்டது. மிஸ் ஹார்க்னஸ் நாட்காட்டியைப் புரட்டினார். ஏப்ரல், மே, ஜூன். அவருக்குக் கோபமே இல்லை. "பனி எப்ப விழும்?"

"நவம்பர்ல நிச்சயமா விழும்."

"நவம்பர் பதினாலு, காலை பத்து மணி. அதுவரைக்கும் உங்க மதத்த 'விசாரணை நிலுவையிலுள்ள மதம்'னு எழுதறேன். செயலிழந்ததுன்னு எழுதல. இது என் தனிப்பட்ட சலுகை." எழுந்து சிரித்தார். "என்ன அவசரம்? நாங்களும் இங்கதான் இருப்போம், அவரும் இங்கதான் இருப்பாரு."

வெளியே மழை கொட்டிக்கொண்டிருந்தது. வெர்னன் வண்டிக் கதவைத் திறந்துவிட்டான். அவள் முகத்தைப் பார்த்தான். சொல்ல வந்த கிண்டலை விழுங்கிக்கொண்டான். இருபது மைல் தாண்டிய பிறகுதான் வாயைத் திறந்தான்.

"சொல்லலதானே?"

"இல்ல."

"கழுத," என்றான். அவன் சொன்னதிலேயே அதுதான் ரொம்ப மரியாதையாக இருந்தது.

*

அடுத்த வியாழக்கிழமை போன் வந்தபோது அவள் பஸ்ஸைக் கழுவிக்கொண்டிருந்தாள். ஈரக் கையோடு எடுத்தாள். இது திருத்தகத்திலிருந்து வரும் அழைப்பு என்று இயந்திரக் குரல் சொல்லி முடிக்கும்வரை, என்ன சொல்லித் தொடங்குவது என்று தேடிக்கொண்டிருந்தாள்.

"தம்பி, குளிர் போயிடுச்சுடா. நான் முடிக்கல."

"உன்கிட்ட கதை கேட்டாங்கன்னு மட்டும் பாதிரியார் சொன்னாரு. நீ சொன்னியாக்கா?"

"இல்ல."

அவனுக்குப் பின்னால் யாரோ இருமினார்கள், ஒரு கதவு அறைந்து மூடியது.

"நல்லது," என்றான் டெல்பர்ட். "நீ சொல்லியிருக்க மாட்டேன்னு ஹாரிசன் பந்தயம் கட்டியிருந்தாரு. சூப் பாக்கெட் ரெண்டு ஜெயிச்சிட்டாரு."

"சிரிக்காதடா. எனக்கு வயிறு எரியுது. நாலு மாசம்! அலமாரியில வைக்கத்தான் கேட்டாங்க. ஒரு புத்தகத்த!"

"அக்கா, கேளு. எனக்கு ஒரு கடுதாசி வந்திருக்கு. நீ பாக்கணும்." தாள் சரசரத்தது. "மேல என் பேரு, என் நம்பரு. கீழ, 'அடுத்த தேதி: நவம்பர் பதினாலு'."

"அது புத்தகத்துக்குடா."

"தெரியும். ஆனா என் பேரப் போட்டு, பக்கத்துல தேதி போட்டிருக்காங்க. பத்தொன்பது வருஷத்துல எல்லாத் தாள்லயும் அந்த மூணு கோடுதான்க்கா. எனக்கு முன்னால தேதின்னு ஒண்ணு இருந்ததே இல்ல." அவன் குரலில் இருந்தது சிரிப்பா என்று அவளுக்குப் பிடிபடவில்லை. "இந்த வரிசையில இருக்கறவன் எல்லாம் ஆயுளு. ஒவ்வொருத்தனா வந்து பாத்துட்டுப் போறான். நேத்து ஒருத்தன் தொட்டுப் பாக்கலாமான்னு கேக்கறான்."

லொரெய்ன் பஸ்ஸின் படியில் உட்கார்ந்தாள். குழாய் அது பாட்டுக்குத் தண்ணீரைக் கொட்டிக்கொண்டிருந்தது. அவளுக்கும் அதே கடிதத்தின் நகல் வந்திருந்தது. கடைசியில் சின்ன எழுத்தில் இருந்த வரியை அவள் படித்திருந்தாள். சொல்லாமல் விட்டால் பின்னால் இன்னும் வலிக்கும்.

"தம்பி, கீழ ஒரு வரி இருக்கு, பாத்தியா?"

"தேதி முன்னறிவிப்பின்றி மாற்றப்படலாம்னு. பாத்தேன்."

"ஆமா."

"அத மடிச்சு வச்சிட்டேன்," என்றான்.

ஒரு நிமிடம் மீதமுள்ளது என்றது இயந்திரக் குரல்.

"இருநூத்தி முப்பத்தொண்ணு," என்றான் டெல்பர்ட் அவசரமாக.

"என்னது?"

"நாளுக்கா. இன்னைக்கு. நாங்க எண்ண ஆரம்பிச்சிட்டோம்."